அம்பாசடர்: மூடல் அல்ல, "பணி இடைநிறுத்தம்"!

2014 மே 24. மத்தியில் புதிய அரசு பதவியேற்க இரண்டு நாள்களே இருந்தன. யாருக்கு எந்தத் துறை என்ற பரபரப்பில் தில்லி மூழ்கியிருந்த வேளையில், மேற்கு வங்க மாநிலம் உத்தர்பாராவில் உள்ள ஹிந்துஸ்தான் மோட்டார்ஸ் ஆலை ஓர் அறிவிப்பை வெளியிட்டது. அமைச்சர்களைச் சுமப்பதற்கென்றே பிறந்ததாகக் கருதப்பட்ட அம்பாசடர் காரின் உற்பத்தி அத்துடன் நின்றது.

பிரிட்டனின் மோரிஸ் ஆக்ஸ்ஃபோர்டு காரைத் தழுவி 1950-களின் பிற்பகுதியில் தொடங்கிய இந்தக் காருக்கு அரை நூற்றாண்டுக்கும் மேற்பட்ட ஆயுள். அந்த ஆயுளில் பெரும்பகுதி அரசு தந்த வரம். உரிம முறை போட்டியைத் தடுத்தது. அரசு அலுவலகங்களே பெரிய வாடிக்கையாளர்களாயின. வெள்ளை அம்பாசடரும் அதன் தலையில் சிவப்பு விளக்கும் அதிகாரத்தின் அடையாளமாகவே ஆகிவிட்டிருந்தன. 2001 டிசம்பர் 13-ஆம் தேதி நாடாளுமன்றத்தைத் தாக்க வந்த பயங்கரவாதிகள் தேர்ந்தெடுத்ததும் அத்தகைய காரைத்தான். மாருதி வந்த பிறகும் மாறத் தேவையில்லை என்று நிர்வாகம் எண்ணியதற்கு இந்தப் பாதுகாப்பே காரணம். 1980-களில் ஆண்டுக்கு சுமார் 24 ஆயிரமாக இருந்த விற்பனை, 2013-14-இல் சுமார் 2,200 ஆகச் சுருங்கியது.

ஆகவே, கார் நின்றதில் வியப்பில்லை. நின்ற விதம்தான் கேள்விக்குரியது.

ஆலையில் அப்போது இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் பணியில் இருந்தனர். குறைந்த உற்பத்தித் திறன், ஒழுங்கீனம், நிதிப் பற்றாக்குறை, தேவைக் குறைவு எனக் காரணங்களை அடுக்கிய நிர்வாகம், "ஆலை மூடல்" என்ற சொல்லை மட்டும் தவிர்த்தது. அறிவிக்கப்பட்டது "பணி இடைநிறுத்தம்". இது சொல் விளையாட்டு அல்ல. 1947-ஆம் ஆண்டு தொழில் தகராறுகள் சட்டப்படி, 100 அல்லது அதற்கு மேற்பட்ட தொழிலாளர்களைக் கொண்ட ஆலையை மூட விரும்பினால் 90 நாள்களுக்கு முன்பே அரசின் அனுமதியைக் கோர வேண்டும்; இழப்பீடும் தர வேண்டும். ஆனால், நிரந்தரமாக மூடுவதே சட்டத்தின் பார்வையில் மூடல். இடைநிறுத்தம் என்றால் ஆலை என்றாவது திறக்கும் என்று பொருள். வேலை போய்விட்டதா, இருக்கிறதா என்பதைத் தொழிலாளியால் சொல்ல முடியாது. மேற்கு வங்கத்தின் சணல் ஆலைத் தொழிலாளர்களுக்கு இந்த வாசகம் நெடுநாளாகவே பழக்கம்.

அமெரிக்காவில் 1964 முதல் இடைவெளிகளோடு விற்பனையான செவர்லே மாலிபுவுக்கும் முடிவு வந்தது. ஜெனரல் மோட்டார்ஸ் 2024 மே மாதத்தில் அறிவித்து, நவம்பரில் நிறுத்தியது. கன்சாஸ் ஆலையில் அடுத்து மின்சாரக் கார் தயாராகும் என்பதும் முன்கூட்டியே சொல்லப்பட்டது. அங்கும் தொழிலாளர்கள் வீட்டுக்கு அனுப்பப்பட்டார்கள். அந்நாட்டு நிறுவனங்களைப் புகழ வேண்டியதில்லை. எனினும், பெரிய அளவிலான ஆள்குறைப்புக்கு 60 நாள் முன்னறிவிப்பு தர வேண்டும் என்கிறது 1988-ஆம் ஆண்டுச் சட்டம். தங்களுக்கு எப்போது வேலை இல்லை என்பதாவது அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

இந்த ஓட்டையை அடைக்கும் வாய்ப்பு நாடாளுமன்றத்துக்குக் கிடைத்தது. 2020 செப்டம்பரில் தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பு இரு அவைகளிலும் நிறைவேறியபோது, மாநிலங்களவையில் எதிர்க்கட்சியினர் அவையைப் புறக்கணித்திருந்தனர். எனவே அங்கு விரிவான விவாதத்துக்கு இடமில்லாமல் போயிற்று. அவர்களும் இதற்குப் பொறுப்பேற்கத்தான் வேண்டும். 2025 நவம்பர் 21-இல் நடைமுறைக்கு வந்த அந்தத் தொகுப்பு, அனுமதி தேவைப்படும் வரம்பை 100 தொழிலாளர்களிலிருந்து 300 ஆக உயர்த்தியது. மூடல் என்றால் நிரந்தர மூடல் என்ற வரையறை மட்டும் அப்படியே தொடர்கிறது.

இதற்கிடையே, 2017 பிப்ரவரியில் அம்பாசடர் என்ற பெயர் பிரான்ஸின் பூஜோ நிறுவனத்துக்கு ரூ.80 கோடிக்கு விற்கப்பட்டது. அந்தப் பெயருக்கு ஒரு விலை, வாங்குபவர், தேதி எல்லாம் இருந்தன. உற்பத்தி செய்த கைகளுக்கும் குறைந்தபட்சம் ஒரு தேதியாவது வேண்டும். குறிப்பிட்ட நாள்களுக்கு மேல் நீடிக்கும் பணி இடைநிறுத்தத்தை மூடலாகவே கருதி, இழப்பீடு வழங்க வகை செய்யும் திருத்தத்தை மத்தியத் தொழிலாளர் அமைச்சகம் கொண்டுவர வேண்டும். அரசு கொண்டுவராவிட்டால், தனிநபர் மசோதாவாகவேனும் அதை அவையில் வைக்க வங்கத்து உறுப்பினர்களுக்கு எந்தத் தடையும் இல்லை.