பதிலி வாத்தியாரும் சீனியாரிட்டி வழக்கும்

உப்பளத்து சர்க்கார் பள்ளி வாத்தியார் ஒருவர் சீனியாரிட்டி கேட்டு வழக்காட வேண்டுமானால், புதுச்சேரி கோர்ட்டில் முடியாது. 1985-ம் வருஷச் சட்டப்படி மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும்; அதன் பெஞ்சு சென்னையில். தோற்றவர் ஐகோர்ட்டுக்குப் போவார், பிறகு டில்லிக்கு. எதிர்க்கட்சியாக நிற்பவர் யார்? பக்கத்து வகுப்பு வாத்தியார்! இருவரும் சம்பளத்தை வக்கீலுக்குக் கொட்டுகிறார்கள்.

மில் தோழர்களே, இது உங்களுக்குப் புதிதா? வருஷக்கணக்கில் பதிலியாகத் தறி ஓட்டியவனை நிரந்தரமாக்கும்போது, பழைய சர்வீஸ் சைபர் என்பான் முதலாளி. சர்க்காருக்கும் அதே புத்திதான். காலியிடத்தை முறைப்படி நிரப்பாமல் தற்காலிக ஆளை வைத்து வகுப்பை ஓட்டுகிறது. பின்னால் நேரடி நியமனக்காரர் வருகிறார். "நான் முந்தி", "நான் முறைப்படி" என்று சண்டை மூளுகிறது. மூட்டியவன் வேடிக்கை பார்க்கிறான்.

1990-ல் மகாராஷ்டிர என்ஜினீயர்கள் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது: விதிப்படி நியமனமானால் நியமன நாள் முதல் சீனியாரிட்டி, தற்காலிக ஏற்பாடானால் அந்தக் காலம் சேராது. ஆனால் இடைவிடாது வேலைபார்த்துப் பின்னால் முறைப்படுத்தப்பட்டால் சேரும். 'இடைவிடாது' என்ற அந்தச் சொல்லைக் கவனியுங்கள்! ஒருநாள் நிறுத்தி மறுநாள் எடுக்கும் தந்திரத்தை மில் கேட்டில் நாம் பார்க்கவில்லையா? விதியை மீறியது சர்க்கார்; தண்டனை வாத்தியாருக்கா?

வழக்கில் தடை உத்தரவு வந்தால் பதவி உயர்வு நிற்கும். தலைமையாசிரியர் நாற்காலி காலி. அங்கே படிப்பது விவசாயக் கூலியின் பிள்ளை, மில் தொழிலாளியின் பிள்ளை. பணக்காரன் பிள்ளை வேறு பள்ளியில்.

ஆகவே நாம் கேட்கிறோம்: காலியிடங்களை உடனே நிரப்பு! தற்காலிகமாக உழைத்த ஒவ்வொரு நாளையும் கணக்கில் சேர்! சீனியாரிட்டிப் பட்டியலை வருஷந்தோறும் பள்ளிச் சுவரில் ஒட்டு! வாத்தியார்களே, ஒருவர்மேல் ஒருவர் போடும் மனுவுக்குப் பதில் இருவரும் சேர்ந்து ஒரே மனுவாக இதைக் கொண்டுபோங்கள். மில் கேட்டிலிருந்து நாங்களும் உடன் வருகிறோம்.