துண்டுபட்ட நிலமும் சர்க்கார் கடமையும்

திருமங்கலத்திலிருந்து கொல்லத்திற்குச் செல்லும் 744-ஆம் எண் தேசிய நெடுஞ்சாலை சிவகிரி வழியே போகிறது. ராஜபாளையத்திற்கு இப்பாலுள்ள பகுதியை நாற்கரச் சாலையாக்கும் திட்டம் விளைநிலங்களின் ஊடே செல்வதைச் சிவகிரி, வாசுதேவநல்லூர்ப் பக்கத்து ரயத்துகள் ஆட்சேபித்திருக்கிறார்கள். சாலை வேண்டாமென்று நாம் சொல்ல வரவில்லை. பாதி நிலம் சாலைக்குப் போன பின் மீதிப் பாதியின் கதி என்ன என்பதே நம் கேள்வி.

ஒருவனுக்கு மூன்று ஏக்கர் புன்செய், வடகோடியில் கிணறு. நடுவே சாலை குறுக்கிட்டால் சர்க்கார் எடுப்பது ஓர் ஏக்கர்தான். ஆனால் தென்புறத்துக்கு நீர் எட்டாது. ஏரும் மாடும் ஒரு மைல் சுற்றிப் போகவேண்டும். எடுத்த ஏக்கருக்கு மட்டும் கிரயம் கொடுத்துக் கணக்கை முடிப்பது நியாயமாகாது. இதைச் சட்டமே ஒப்புக்கொள்கிறது. நிலம் துண்டுபடுவதால் வரும் நஷ்டத்துக்கும், மீதிச் சொத்துக்கும் வருமானத்துக்கும் நேரும் கேட்டுக்கும் ஈடு கொடுக்கவேண்டுமென்று 1894-ஆம் வருஷச் சட்டத்தின் 23-வது பிரிவு கூறிற்று. 2013-ஆம் வருஷச் சட்டத்தின் 28-வது பிரிவும், தேசிய நெடுஞ்சாலைச் சட்டத்தின் 3ஜி பிரிவும் அதையே கூறுகின்றன. எனினும், கேளாதவனுக்கு இந்த ஈடு தானே வந்து சேருமென்று நம்புவதற்கில்லை.

ஈடு ஒருபுறமிருக்க, பயனற்றுப்போன மீதியையும் சர்க்காரே வாங்கிக்கொள்ள வேண்டுமென்று கேட்க ரயத்துக்குப் பாத்தியதை உண்டா? வீடு, தொழிற்சாலை, கட்டிடம் ஆகியவற்றில் ஒரு பகுதியை மட்டும் எடுக்க வந்தால், முழுவதையும் எடுத்துக்கொள் என்று சொந்தக்காரன் கேட்கலாம். பழைய சட்டத்தில் 49-வது பிரிவும், புதியதில் 94-வது பிரிவும் இதற்கு இடந்தருகின்றன. வயலுக்கு அந்தப் பாத்தியதை இல்லை. துண்டுபட்டதற்குக் கேட்கும் ஈடு அதிகமென்று தோன்றினால் நிலம் முழுவதையும் எடுத்துக்கொள்ளச் சர்க்காருக்கு அதிகாரமுண்டு. அதாவது, சௌகரியம் சர்க்காருடையதானால் முடியும், ரயத்துடையதானால் முடியாது! நெடுஞ்சாலைச் சட்டத்தில் இவ்வளவுகூட இல்லை.

இங்கிலாந்தில் 1845-ஆம் வருஷத்திலேயே, ரயில்பாதை முதலியவை குறுக்கிட்டு அரை ஏக்கருக்குக் குறைந்த துண்டு மிஞ்சி, அதைச் சேர்க்க அவனுக்கு அடுத்து வேறு நிலமில்லாவிட்டால், அத்துண்டையும் கம்பெனியே வாங்கவேண்டுமென்று கேட்கும் உரிமையை அந்நாட்டார் தங்கள் நிலச் சொந்தக்காரனுக்குச் சட்டத்தில் எழுதி வைத்தார்கள். அதே சட்டத்திலிருந்த வீட்டைப் பற்றிய விதியை ஒத்தது இந்தியச் சட்டத்தில் இடம் பெற்றது. வயலைப் பற்றியது இடம் பெறவில்லை. அந்நியன் செய்தது ஆச்சரியமன்று. சுதந்திரம் பெற்று அறுபத்தாறு வருஷங்களுக்குப் பின், 2013-இல் நம் பார்லிமெண்டு சட்டத்தைப் புதிதாய் எழுதியபோதும் அந்த விடுபாடு அப்படியே நின்றதுதான் நமக்கு விளங்கவில்லை.

கிரயத்துக்கு மேல் கொடுக்கும் ஆறுதல் தொகை 1894-இல் நூற்றுக்குப் பதினைந்து; 1984-இல் முப்பது; இப்போது நூற்றுக்கு நூறு. நெடுஞ்சாலைக்கு எடுத்த நிலத்துக்கு இது கிடையாதென்று முன்பு மறுத்து வந்தார்கள். அது செல்லாதென 2019-இல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. தொகை பெருகியது நல்லதே. ஆனால் நூறு பங்கு பெருக்கினாலும் அது எடுத்த நிலத்தின் கிரயத்தின் மீதுதான். துண்டுபட்ட மீதியின் நஷ்டம் அந்தக் கணக்கில் வராது.

ரயத்துகளுக்கு ஒரு வார்த்தை. நெடுஞ்சாலை அறிக்கை வெளியான இருபத்தொரு நாட்களுக்குள் ஆட்சேபம் எழுத்து மூலம் சேரவேண்டும். அளவைக்கு வரும்போது கிணறு, பம்பு, பூமிக்கடியில் போகும் குழாய், மரங்கள் ஒன்றுவிடாமல் குறிக்கச் செய்யுங்கள். துண்டுபட்ட நஷ்டத்தைத் தனித் தலைப்பில் கேளுங்கள். தொகை போதாவிட்டால் மத்தியஸ்தரிடம் மனுச் செய்யலாம். அவரையும் மத்திய சர்க்காரே நியமிக்கிறது என்பது வேறு விஷயம்.

மிஞ்சிய துண்டு ஐம்பது சென்டுக்குக் குறைந்தாலும், நீரோ பாதையோ அற்றுப்போனாலும், ரயத்து கேட்டால் அதையும் அதே விலைக்குச் சர்க்கார் எடுத்துக்கொள்ளவேண்டுமென்று இரண்டு சட்டங்களையும் திருத்தவேண்டும். தென்காசித் தொகுதி அங்கத்தினர் இதைப் பார்லிமெண்டில் கிளப்புவாரா?