மணவறையிலே தோழமைக்கு இடமுண்டா?

தமிழ் இலக்கியத்திலே தோழிக்கு அளிக்கப்பட்ட இடம் சாதாரணமானதன்று. அகப்பாடல்களிலே அவள் தலைவிக்குப் பூச்சூட்டும் ஏவற்பெண்ணாக மட்டும் வருவதில்லை. காலந்தாழ்த்தும் தலைவனை இடித்துரைப்பவள் அவள். விரைந்து மணஞ்செய்யுமாறு அவனை வற்புறுத்துபவள் அவள். வேற்று வரைவு நேரும் நெருக்கடியிலே தலைவியின் காதலைச் செவிலிக்கு உணர்த்தி அறத்தொடு நிற்பவளும் அவளே. தொல்காப்பியம் அவளைச் செவிலியின் மகளென்று கூறுகின்றது. தலைவிக்கு அவள் இரத்த உறவினளல்லள், உடன் வளர்ந்தவள். அத்தகைய தோழிக்கு இன்றைய யாழ்ப்பாணத்துக் கலியாண வீட்டிலே நாம் கொடுத்திருக்கும் இடம் யாது? இக்கேள்வியைப் பிறரிடம் கேட்பதற்கு முன்னர் எம்மையே நாம் கேட்டுக்கொள்ளுதல் வேண்டும்.

எமது சடங்கிலே தோழன், தோழி என்னும் பெயர்கள் இன்றும் வழங்குகின்றன. ஆயின் மாப்பிள்ளைத் தோழனாக நிற்பவன் மணமகளின் சகோதரன். மணமகனின் காலைக் கழுவி மோதிரம் பெறுபவன். தோழியாக நிற்பவள் பெரும்பாலும் மணமகனின் சகோதரி. பெயர் நட்பினுடையதாயினும் உரிமை உறவுக்கே உரியதாயிற்று. இவ்வேற்பாட்டிலே ஒரு நியாயமும் உண்டென்பதை மறுப்பதற்கில்லை. இரண்டு குடும்பங்கள் ஒன்றாகும்போது மச்சானும் மச்சாளும் அவ்வொன்றிப்புக்கு முதற் சாட்சிகளாகின்றனர். அவர்களது உரிமையைப் பறிக்க வேண்டுமென்று இக்கட்டுரை வாதிடவில்லை.

எனினும், அவ்வுரிமை பிறந்த சமூகம் இன்று எங்கே? 1983க்குப் பின்னர் எமது குடும்பங்கள் ரொறன்ரோவிலும் இலண்டனிலும் பாரிசிலுமாகச் சிதறின. 1995இல் வலிகாமமே ஒரு முறை இடம்பெயர்ந்தது. 2009இல் வன்னி பட்ட பாட்டை இங்கு எழுத வேண்டியதில்லை. தங்கையின் கலியாணத்தைத் தமையன் கைத்தொலைபேசித் திரையிலே பார்க்கும் காலம் இது. பொன்னுருக்கலுக்கு ஆள் சேர்ப்பது, பலகாரம் சுடும் இரவில் அடுப்படியிலே இருப்பது, கூறைச்சேலை எடுக்கக் கூடப்போவது, முதல்நாள் இரவு அழும் மணமகளுக்குப் பக்கத்திலே படுத்திருப்பது ஆகிய இவையனைத்தையும் செய்பவள் யார்? உடன் படித்தவள், விடுதி அறையிலே உடனிருந்தவள். ஆனால் மணவறைக்கு வேளை வந்ததும், மணமகளை முன்பின் அறியாத தூரத்து மச்சாள் ஒருத்தி அழைத்து வரப்பட்டு நிறுத்தப்படுகின்றாள். அடுப்படியில் நின்றவள் அடுப்படியிலேயே நிற்கின்றாள்.

இதற்கு மாற்றாக இப்போது ஒரு நாகரிகம் புகுந்துள்ளது. ஒரே நிறச் சேலையுடுத்த ஐவரோ அறுவரோ, கையிலே பூத்தட்டேந்தி மணமகளுக்கு முன்னே நடந்து வருகின்றனர். கிறிஸ்தவத் தேவாலயத்து மணவிழாவிலே மணத்தோழியர்க்கு ஒரு மரபும் பொருளும் உண்டு. அதனைக் குறைகூறுதல் எம் நோக்கமன்று. எமது மண்டபங்களிலே புகுந்திருப்பதோ அம்மரபன்று. அதன் நிழற்படம் மட்டுமே. சேலையின் நிறத்தை ஒளிப்படக்காரர் தீர்மானிக்கின்றார். அதன் விலையைத் தோழி கொடுக்கின்றாள். மகாபொல உதவிப்பணத்திலே மாதத்தை ஓட்டும் மாணவியொருத்தி, ஒருநாள் உடுத்தும் சேலைக்காகக் கடன் படுவது நட்பின் பெயரால் நிகழும் கொடுமையன்றோ? படம் பிடித்து முடிந்ததும் அவர்களைப் படியிறங்கச் சொல்கின்றனர். பழைய வழக்கம் தோழியைப் புறக்கணித்தது. புதிய வழக்கம் அவளை அலங்காரப் பொருளாக்கிற்று.

கண்ணாற் கண்ட ஒன்றைக் கூறுகின்றேன். எங்களோடு ஒரே அறையிலிருந்த ஒருத்தியின் கலியாணம். நாங்கள் அறுவர் ஒரே நிறச் சேலையுடுத்து நின்றோம். அறுவரில் ஒருத்தி இளவயதிலேயே கணவனை விபத்தொன்றிற் பறிகொடுத்தவள். முதலாம் ஆண்டிலே மணமகள் காய்ச்சலாய்க் கிடந்த பன்னிரண்டு நாளும் வைத்தியசாலையிலே அவளோடிருந்தவள் இவளே. தாலி கட்டும் வேளை நெருங்கியபோது பெரியவர் ஒருவர் அவளருகே வந்து, "பிள்ளை, நீர் கொஞ்சம் பின்னுக்குப் போய் இரும்" என்றார். குரலிலே கடுமை இல்லை, கனிவே இருந்தது. அவள் ஒரு சொல்லும் பேசாமற் பின்வரிசைக்குச் சென்றாள். சாப்பிடாமலே வீட்டுக்குப் போய்விட்டாள். ஓமப்புகைக்குள் இருந்த மணமகள் இதனை அறியாள். நாங்கள் ஐவரும் அறிந்தோம். அறிந்தும் படத்துக்குச் சிரித்துக்கொண்டு நின்றோம். அந்தப் பெரியவரிலும் பார்க்க எமது குற்றமே பெரிதென்று இன்று உணர்கின்றேன். அவர் தாம் நம்பியதைச் செய்தார். நாங்களோ நம்பாத ஒன்றுக்கு வாய்மூடி நின்றோம்.

"இது தொன்றுதொட்டு வந்த மரபு" என்பார்க்கும் ஒரு விடை கூற வேண்டும். அகநானூற்றின் 86ஆம் பாட்டிலே ஒரு மணவிழா வருணிக்கப்படுகின்றது. புதல்வரைப் பெற்ற மகளிர் நால்வர் மணமகளை நீராட்டுகின்றனர். மங்கல மகளிர்க்கே முதலிடமென்ற கொள்கை பழையதே என்று இதனைக் காட்டி வாதிடலாம். வாதிடுவோர் அப்பாட்டை முழுவதும் படித்தல் வேண்டும். அங்கே தீவலம் இல்லை. ஓதுவிக்கும் புரோகிதர் இல்லை. தாலி கட்டியதாகவும் கூறப்படவில்லை. கோவலன் கண்ணகி திருமணத்தைச் சிலப்பதிகாரம் பாடும்போதோ பார்ப்பானும் தீவலமும் வந்துவிட்டன. இடைக்காலத்திலே இத்துணை மாற்றத்தை ஏற்ற மரபு, கைம்பெண்ணான ஒரு தோழி முன்வரிசையில் நிற்பதால் மட்டும் உடைந்துவிடுமோ? மாறியவற்றையெல்லாம் மரபென்று போற்றிவிட்டு, மாற வேண்டியதைக் கேட்கும்போது மட்டும் மரபைக் காட்டித் தடுப்பது நேர்மையாகாது.

மற்றொரு கூற்றும் உண்டு. "சிநேகிதருக்கு இடங்கொடுத்தால் யார் எவரென்று பாராமல் எல்லோரும் மணவறையேறுவர்" என்பர். இக்கூற்றின் உட்பொருள் யாவரும் அறிந்ததே. உறவு சாதிக்குள் அடங்குவது, நட்பு அடங்காதது. பல்கலைக்கழகத்திலே ஒரே கோப்பையில் தேநீர் குடித்தவனை, கலியாண வீட்டிலே வாசலோடு நிறுத்தும் தந்திரமே இது. 1920களின் பிற்பகுதியிலே எமது பாடசாலைகளிற் சமபந்திப் போசனத்துக்காகப் போராடினர். அப்போராட்டம் கலியாணப் பந்தலுக்குள் இன்னும் முற்றாக நுழையவில்லை.

அவ்வாறாயின் நாம் வேண்டுவது யாது? புதிய பட்டம் வேண்டாம். ஒரே நிறச் சேலை வேண்டாம். மச்சானின் மோதிரமும் வேண்டாம். செய்வதற்கு ஒரு பணியும் சொல்வதற்கு ஒரு சொல்லும் போதும். முதலாவது, கலியாண எழுத்து. 1907ஆம் ஆண்டின் விவாகப் பதிவுக் கட்டளைச்சட்டம் சாட்சிகள் இருவரைக் கேட்கின்றது. அவர்கள் உறவினராக இருக்க வேண்டுமென்றோ, சுமங்கலியாக இருக்க வேண்டுமென்றோ அது கேட்கவில்லை. இரு சாட்சிகளில் ஒருவர் உற்ற நண்பராகட்டும். அறத்தொடு நின்ற தோழிக்கு இதனிலும் பொருத்தமான இடமில்லை. இரண்டாவது, வாழ்த்துப்பா. நண்பர் சேர்ந்து வாழ்த்துப்பா எழுதி, அச்சிட்டு, சபையிலே வாசித்தளிக்கும் நல்ல வழக்கம் எம்மிடம் இருந்தது. ஒலிபெருக்கியின் சினிமாப் பாட்டு அதனை விழுங்கிவிட்டது. அதனை மீட்போம். மூன்றாவது, அறுகரிசி. வாழ்த்துவதற்கு வேண்டுவது அன்பு நிறைந்த நெஞ்சம். நெற்றியிலே குங்குமம் உண்டோ இல்லையோ என்று பார்ப்பது அறமன்று. அறுகரிசியிட அழைக்கும்போது அந்தத் தோழியை மணமகளே பெயர் சொல்லி அழைக்கட்டும்.

இவற்றுள் எதற்கும் பணச்செலவில்லை. ஐயரின் மந்திரம் ஒன்றேனும் குறையப்போவதில்லை. வேண்டுவது ஒன்றுதான்: மணமகளோ மணமகனோ நாள் வைப்பதற்கு முன்னரே வீட்டாரிடம் வாய் திறந்து கூறும் துணிவு. மண்டபத்திலே, முகூர்த்த வேளையிலே அத்துணிவு பிறவாது. எங்கள் ஐவருக்கும் பிறக்கவில்லை.

இவ்விதழைப் படிக்கும் மாணவ நண்பர்களே, இன்னும் சில ஆண்டுகளில் உங்களிற் பலர் மணவறையில் அமர்வீர்கள். அன்று பின்வரிசையை ஒரு முறை திரும்பிப் பாருங்கள். அங்கே உங்களோடு இரவெல்லாம் விழித்திருந்த ஒருத்தி தனியே இருப்பாளாயின், தாலி கட்டுவதற்கு முன்னர் அவளை முன்னே அழையுங்கள்.