பாட்டியாகவே பிறந்தவரா எஸ்.என்.லட்சுமி?

தமிழ்த் திரைப்பட வரலாறு என்று நம்மிடம் இருப்பவற்றுள் பெரும்பகுதி நாயக நாயகியரின் வரலாறே. 1931இல் வெளிவந்த ‘காளிதாஸ்’ என்றதும் டி.பி.ராஜலட்சுமியை நினைவுகூர்கிறோம், அது தக்கதே. துணைப் பாத்திரம் ஏற்றவர்களுக்கோ அவ்வரலாற்றில் தொடக்கமும் இல்லை, வளர்ச்சியும் இல்லை. நாம் திரையில் கண்ட முகத்தோடேயே அவர்கள் பிறந்துவிட்டதாக எண்ணிக்கொள்கிறோம்.

எஸ்.என்.லட்சுமி இதற்குத் தக்க சான்று. ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) படத்தின் திருட்டுப் பாட்டி என்றால் மல்லாங்கிணற்றுத் தேநீர்க் கடையிலும் சிரிப்பு எழும். அவர் நம் விருதுநகர் மாவட்டத்துச் சென்னல்குடியில் பிறந்தவர் என்றால் வியப்பே மிஞ்சுகிறது.

வறுமை மிகுந்த பெரிய குடும்பத்திலிருந்து சிறு வயதிலேயே நாடகத்துக்குப் போனவர் லட்சுமி. என்.எஸ்.கிருஷ்ணனின் நாடகக் குழுவில் நடித்தார். ‘சந்திரலேகா’வில் (1948) நடனக் கூட்டத்தில் ஒருவராக ஆடினார். ‘சர்வர் சுந்தரம்’ (1964) அவரை நாகேஷின் தாயாக்கியது. நாகேஷுக்கும் அவருக்கும் தாய்-மகன் என்னுமளவு வயது வேறுபாடு கிடையாது. நாயகியாகும் வாய்ப்பே இன்றி, இளமையில் முதுமையை அணிந்துகொண்டவர் அவர்.

இதைத் திரையுலகின் அநீதி என்று மட்டும் சொல்லி முடிப்பது போதாது என்பது நம் கருத்து. பாலக்காட்டுத் தமிழ் பேசிய அதே நாவு, ‘விருமாண்டி’யில் (2004) தென்மாவட்டக் கிராமத்துக் கிழவியின் பேச்சைப் பேசியது. இரண்டிலும் போலித்தனம் இல்லை. ஒப்பனையைவிடக் குரலையும் உடல்மொழியையும் நம்பும் நாடக மேடை தந்த பயிற்சி அது. அந்த மேடை ஆண்டுகளே அவருடைய பல்கலைக்கழகம். அவற்றைத்தான் நாம் பதிவு செய்யாமல் விட்டோம்.

தமிழ்த் துறைகளுக்கும் இதில் பொறுப்புண்டு. சங்கரதாஸ் சுவாமிகளின் நாடகங்களைப் பனுவலாகப் பாடம் சொல்கிறோம். அம்மரபில் மேடையேறிய பெண்களின் வாழ்வைப் பாடமாகக் கருதுவதில்லை. லட்சுமி 2012 பிப்ரவரியில் மறைந்தார். இனி அவரிடம் கேட்க இயலாது. ஆயினும் நம் ஊர்த் திருவிழாக்களில் ‘வள்ளி திருமணம்’ நடிக்கும் மூத்த நடிகையர் இன்னும் இருக்கிறார்கள். ஆய்வுத் தலைப்பு தேடி அலையும் மாணவர்கள் ஓர் ஒலிப்பதிவுக் கருவியோடு அவர்கள் வீட்டுத் திண்ணையில் சென்று அமரட்டும். அதற்கும் காலம் அதிகமில்லை.