இது இவ்வளவுதான் வளருமாம்

மீன்தொட்டிக் கடைகளில் பிளாஸ்டிக் பேசினுக்குள் நீந்துகிற பச்சைக் குட்டி ஆமைகளைக் கண்டிருப்பீர்கள். கண்ணுக்குப் பின்னால் ஒரு சிவப்புக் கோடு. குத்திக் காசை விடக் கொஞ்சம்தான் பெரிசு. "இது இவ்வளவுதான் வளரும் தம்பி" எண்டு சொல்லி விற்கிற ஆட்களும் இருக்கினம். பச்சைப் பொய்! இந்தச் சிவப்புக்காது ஆமையில் பெண் 25, 30 சென்ரிமீற்றர் வரை வளரும். 30 வருசம் உயிரோட இருக்கக் கூடியது. தரம் 8 படிக்கேக்க வேண்டினால், நாற்பது தாண்டியும் நீங்கள்தான் தண்ணி மாத்த வேணும்.

தண்ணி மட்டும் போதாது. ஏறியிருந்து வெயில் காயக் காய்ஞ்ச கல்லொண்டு வேணும். யன்னல் கண்ணாடிக்குள்ளால வாற வெயிலும் சரிவராது. கல்சியத்தை உடம்பில் சேர்க்கிற புறஊதாக் கதிரைக் கண்ணாடி மறிச்சுப்போடும், ஓடு மென்மையாகிவிடும். தொட்ட கையைச் சவர்க்காரம் போட்டுக் கழுவவும் வேணும். சல்மொனெல்லாக் கிருமி காரணமாகத்தான் அமெரிக்கா 1975இல் நாலு அங்குலத்துக்குக் குறைந்த ஆமைகளை விற்கத் தடை போட்டது. ஏற்றுமதிக்கு மட்டும் தடையில்லை. தங்கட பிள்ளையளுக்கு ஆகாது, மற்றவனுக்கு அனுப்பலாம். நல்ல நியாயம்தான்.

வளர்ந்தாப் பிறகு என்ன நடக்கும்? கிணத்துக்குள்ளயோ குளத்துக்குள்ளயோ கொண்டுபோய் விட்டுவிடுவார்கள். புண்ணியம் எண்டு வேற நினைப்பு. உலகின் மோசமான 100 ஊடுருவல் உயிரினங்களின் பட்டியலில் இதுவும் ஒண்டு. எங்கட குளங்களில் பாலாமையும் கறுப்பாமையும் ஏற்கெனவே இருக்கின்றன. அவற்றின் இரையோடும் வெயில் காயிற இடத்தோடும்தான் இது போட்டிக்கு நிற்கும்.

நட்சத்திர ஆமையின் கதை வேறு. அது எங்கட உலர்வலயத்துப் பிராணி. புல்லும் இலையும் தின்று தரையில் வாழ்வது, நீந்தத் தெரியாது. அதையும் பிடித்து வந்து சோறும் பாணும் குடுத்து வளர்க்கிற வீடுகள் உண்டு. அந்தச் சாப்பாட்டில் ஓடு கோணலாகும். அதுக்கு மேலே, அதைப் பிடிப்பதும் வைத்திருப்பதும் இலங்கையில் சட்டவிரோதம். செல்லப்பிராணியாக விற்கக் கடத்திக் கடத்தியே, 2019இல் சைட்டிஸ் உடன்படிக்கையின் முதலாம் பட்டியலுக்குப் போய்விட்டது.

ஆமை புகுந்த வீடு உருப்படாது எண்டு அந்தக் காலத்தில் விரட்டினார்கள். இப்ப அதிர்ஷ்டம் எண்டு தேடி வேண்டுகிறார்கள். ஆமைக்கு முந்தினதுதான் நல்லதாயிருந்திருக்கும்.

ஆமை வளர்ப்பதே பாவம் எண்டு நாங்கள் சொல்ல வரவில்லை. விலைக்குப் பக்கத்தில், வளர்ந்தால் எவ்வளவு பெரிசு எண்டதையும் கடைக்காரர் எழுதி வைக்கட்டும். ஏற்கெனவே வீட்டில் சிவப்புக்காது நிற்கிறதெண்டால் குளத்துக்குக் கொண்டுபோக வேண்டாம். பெரிய தொட்டியொண்டு கட்டி, வெயில் படுகிற பக்கமாகக் கல்லை வையுங்கோ. நட்சத்திர ஆமை எண்டால் வனசீவராசிகள் திணைக்களத்திடம் குடுத்துவிடுங்கோ.