கால் எழுதியதும் காகிதம் எழுதியதும்

குறுவட்டப் போட்டியில் அணியை இறக்குவதற்கு முன்னால் சான்றிதழ் சரிபார்க்கும் அந்த அரை மணி நேரத்தை நாம் எல்லாரும் கடந்து வந்திருக்கிறோம். பிளாஸ்டிக் நாற்காலியில் ஒருவர், எதிரே கோப்போடு நாம், நமக்குப் பின்னால் வரிசையாகப் பிள்ளைகள். இந்த ஆண்டு உசிலம்பட்டிப் பக்கம் அப்படி ஒரு வரிசையில் நின்ற பையனுக்குப் பள்ளிப் பதிவேட்டில் ஒரு பிறந்த தேதி, ஆதாரில் இன்னொன்று. பதினோரு மாத வித்தியாசம். அணியில் கோல் அடிக்கிற பையன் அவன்தான். ஷூவின் நாடாவை முடிந்து கழுத்தில் தொங்கவிட்டுக்கொண்டு, புளியமரத்தடியில் உட்கார்ந்து, தன் அணி தோற்பதைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் செய்த தப்பு ஒன்றுமில்லை. முதல் வகுப்பில் சேர்த்த அன்று வயது பத்தவில்லை என்று யாரோ ஒரு ஜூன் மாதத் தேதியை எழுதிவிட்டார்கள். அது பத்து வருஷம் கழித்து வந்து அவன் காலைத் தட்டிவிட்டது.

இந்த இதழில் கால்பந்து முன்கள ஆட்டக்காரர்களுக்கான பயிற்சி பற்றி எழுத நினைத்து, அட்ரியான் முட்டுவின் ஆட்டங்களைத் திரும்பப் பார்த்துக்கொண்டிருந்தேன். பெயர் நம்மூர்ப் பட்டப்பெயர் மாதிரி இருந்தாலும் ஆள் ருமேனியாக்காரர். 1979-இல் பிறந்தவர். முதலில் பிட்டெஷ்டி நகரின் ஆர்ஜெஷ் அணி, பிறகு டினாமோ புக்கரெஸ்ட், 2000-இல் இத்தாலியின் இன்டர் மிலான், அடுத்து வெரோனா, பார்மா. 2002-03 பருவத்தில் பார்மாவுக்காக லீகில் மட்டும் 18 கோல். நாட்டுக்காக 77 ஆட்டங்களில் 35 கோல். ருமேனியாவின் பெரும் பெயரான ஹாஜியும் அடித்தது அதே 35. 2015-இல், 36 வயதில், இந்தியன் சூப்பர் லீகில் புனே சிட்டி அணிக்காக பாலேவாடி மைதானத்தில் இறங்கியபோது நம்மில் சிலர் தொலைக்காட்சியில் பார்த்திருப்போம். வேகம் குறைந்திருந்தது, பந்தை முதல் தொடுதலிலேயே தன் பக்கம் திருப்பிக்கொள்ளும் வித்தை குறையவில்லை. அதை நம் பிள்ளைகளுக்குப் போட்டுக் காட்டலாம். ஆனால் புளியமரத்தடிப் பையனைப் பார்த்துவிட்டு வந்த பிறகு, முட்டுவின் கால்களை விட்டுவிட்டு அவர் காகிதங்களைப் பற்றி எழுதுவதே மேல் என்று பட்டது.

2003 ஆகஸ்டில் இங்கிலாந்தின் செல்சி கிளப் அவரை பார்மாவிடமிருந்து ஏறத்தாழ 1 கோடியே 58 லட்சம் பவுண்டுக்கு வாங்கியது. ஐந்தாண்டு ஒப்பந்தம். முதல் மூன்று லீக் ஆட்டங்களில் நான்கு கோல். அடுத்த ஆண்டு ஊக்கமருந்துப் பரிசோதனையில் கொக்கெய்ன் இருந்தது தெரிந்து, அக்டோபர் 2004-இல் கிளப் அவரை வேலையை விட்டு நீக்கியது. ஏழு மாதத் தடையும் 20,000 பவுண்ட் அபராதமும் வந்தன. ஏழு மாதம் ஓடிவிடும்; ஒப்பந்தம் ஓடவில்லை. நியாயமான காரணமில்லாமல் ஒப்பந்தத்தை முறித்தவர் ஆட்டக்காரர்தான், ஆகவே எங்கள் நட்டத்தை அவரே ஈடுசெய்ய வேண்டும் என்று செல்சி ஃபிஃபாவுக்குப் போனது. அவரை வாங்கக் கொடுத்த பணத்தில், ஒப்பந்தத்தின் மீதிக் காலத்துக்கு எவ்வளவு நிற்கிறது என்று கணக்குப் போட்டார்கள். 2008-இல் தீர்ப்பு: 1 கோடியே 71 லட்சம் யூரோவுக்கு மேல். விளையாட்டு நடுவர் நீதிமன்றம் 2009-இல் அதை உறுதி செய்தது. சுவிஸ் உச்ச நீதிமன்றமும் கைவிட்டது. 2018 அக்டோபரில் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றத்திலும் தோற்றார். பந்தைத் தொட்டு ஆடிய காலத்தைவிட அந்த ஒரு காகிதத்தோடு மல்லுக்கட்டிய காலம் அவருக்கு அதிகமாகிவிடும் போலிருந்தது.

அவர் சரிந்தே போய்விடவில்லை. ஃபியோரன்டினாவில் ஐந்து பருவம் பிரமாதமாக ஆடினார். அங்கேயும் 2010 ஜனவரியில் மறுபடி பரிசோதனையில் சிக்கினார். இம்முறை சிபுட்ரமின், பசியை அடக்கி எடையைக் குறைக்கிற மருந்து. அதே மாதம்தான் ஐரோப்பாவில் அந்த மருந்தின் விற்பனையை நிறுத்தச் சொன்னார்கள். நம் நாட்டில் 2011-இல் தடை செய்தார்கள். முதல் முறை கேளிக்கை, இரண்டாம் முறை மாத்திரை. நமக்கு முக்கியம் இரண்டாவதுதான்.

ஏனென்றால் நம் பிள்ளைகள் சிக்கப்போவது கொக்கெய்னில் இல்லை. ஆட்டத்துக்கு முதல் நாள் உடம்புவலி, காய்ச்சல் என்று மெடிக்கல் கடையில் போய் நின்றால், மருந்துச் சீட்டு இல்லாமலே நான்கு மாத்திரையைக் காகித உறையில் போட்டுத் தருவார்களே, அதில். ஒன்று வலிக்கு, ஒன்று காய்ச்சலுக்கு, ஒன்று வயிற்றுக்கு; நான்காவதாக ஒரு சின்ன வெள்ளை மாத்திரை. பல நேரம் அது பெட்டாமெத்தசோன் அல்லது டெக்சாமெத்தசோன் என்ற ஸ்டீராய்டு. 'ஒரே நாளில் எழுந்துவிட்டான்' என்று நாம் சந்தோஷப்படுவது அதனால்தான். வாய்வழி உட்கொள்ளும் இந்த வகை மருந்து போட்டிக் காலத்தில் தடை செய்யப்பட்டது. 2022 ஜனவரி முதல் ஊசி வழியாகப் போடுவதற்கும் அதே தடை. தெரியாமல் தின்றேன் என்றால் தண்டனை குறையலாம், குற்றம் போகாது. உடம்புக்குள் இருப்பதற்கு உடம்புக்காரர்தான் பொறுப்பு என்பதே விதி. உலக ஊக்கமருந்துத் தடுப்பு முகமையின் 2023-ஆம் ஆண்டுக் கணக்கில் இந்தியாவில் சோதித்த 5,606 மாதிரிகளில் நூற்றுக்கு 3.8 பிடிபட்டன. பெரிய அளவில் சோதனை நடத்தும் நாடுகளில் நாம்தான் முதலிடம். இந்த முதலிடத்துக்கு யாரும் சால்வை போர்த்தப் போவதில்லை.

ஒப்பந்தத்துக்கு வருவோம். சென்ற மாதம் ஒரு தகப்பனார் கேட்டார்: "சார், ஸ்பெயினுக்கு டிரயலுக்குக் கூட்டிட்டுப் போறாங்களாம். ஒன்றரை லட்சம் கட்டச் சொல்றாங்க. நகையை வைக்கட்டுமா?" பையனுக்கு வயது பதினைந்து. 18 வயது நிரம்பாத ஆட்டக்காரரை ஒரு நாட்டிலிருந்து இன்னொரு நாட்டுக் கிளப்புக்கு மாற்றுவதை, எண்ணிச் சொல்லக்கூடிய சில விதிவிலக்குகள் தவிர, ஃபிஃபா அனுமதிப்பதில்லை. இந்த ஒரு வரி நமக்குத் தெரிந்திருந்தால் அந்த வீட்டு நகை வீட்டிலேயே இருக்கும். வெளிநாட்டுக்குப் போகவே முடியாது என்று சொல்லவில்லை. மணிப்பூரின் பாலா தேவி 2020 ஜனவரியில் கிளாஸ்கோவின் ரேஞ்சர்ஸ் அணியோடு 18 மாத ஒப்பந்தம் போட்டபோது அவருக்கு வயது 29. அங்கே போகுமுன் இந்திய அணிக்காக ஐம்பதுக்கு மேல் கோல் அடித்திருந்தார். இங்கே பெயர் எடுத்தவரைத் தேடி அங்கிருந்து அழைப்பு வந்தது. பணம் கட்டிப் போகவில்லை. நம் பக்கத்திலேயே, கண்டனூரிலிருந்து பெங்களூரு எஃப்சி வரை போன சிவசக்தி இருக்கிறார். வழி இருக்கிறது. அந்த வழியில் சுங்கச்சாவடி போட்டு உட்கார்ந்திருப்பவர்களை அடையாளம் காட்டுவது நம் வேலை.

பதிவு செய்வதில் நமக்கே ஒரு பங்கு இருக்கிறது என்பதைப் பலர் அறிவதில்லை. ஓர் ஆட்டக்காரர் நாடு விட்டு நாடு விலைபோகும்போது, அந்தத் தொகையில் நூற்றுக்கு ஐந்தை அவரை 12 வயது முதல் 23 வயது வரை வளர்த்த கிளப்புகளுக்குப் பிரித்துக் கொடுக்க வேண்டும். விலை ஒரு கோடி ரூபாய் என்று வைத்துக்கொள்வோம்: 12 முதல் 15 வயதுவரை ஆண்டுக்கு 25,000, 16 முதல் 23 வரை ஆண்டுக்கு 50,000. மொத்தம் 5 லட்சம். ஆனால் பையன் உங்கள் கிளப்பில்தான் ஆடினான் என்பதற்குப் பதிவு இருக்க வேண்டும். கண்மாய்க்குள் கருவேல முள்ளைப் பொறுக்கிப் போட்டு, சுண்ணாம்புக் கோடு இழுத்து, ஆறு வருஷம் ஆடவைத்ததற்குக் கண்மாய்க் கரை சாட்சி சொல்லாது.

வயது விஷயத்தில் நம்மை நாமே ஒரு கேள்வி கேட்டுக்கொள்ள வேண்டும். யாரோ தவறாக எழுதிய தேதிகள் ஒரு பக்கம். கோப்பைக்காக நாமே தெரிந்து குறைத்த வயது இன்னொரு பக்கம். பதினேழு வயதுக்குட்பட்டோர் உலகக் கோப்பையில் மணிக்கட்டை எம்.ஆர்.ஐ. எடுத்துப் பார்க்கும் முறையை ஃபிஃபா 2009-இலேயே கொண்டுவந்துவிட்டது. இங்கேயும் எலும்பு வயதுச் சோதனை வந்துவிட்டது. நாம் குறைத்த ஒரு வயது, நமக்கு ஒரு கேடயம் தந்துவிட்டு, பையனை மாநில முகாமின் வாசலில் திருப்பி அனுப்பும்.

ஆகவே ஒரு யோசனை. ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு கோப்பு போடுங்கள். முதல் தாள் பிறப்புச் சான்றிதழ். பதிவேடும் ஆதாரும் அதோடு ஒத்துப்போகின்றனவா என்று ஆறாம் வகுப்பிலேயே பாருங்கள். பத்தாம் வகுப்புச் சான்றிதழ் அச்சாகிவிட்டால் அப்புறம் அலைச்சல் பல மடங்கு. இரண்டாம் தாள் கிளப் பதிவு. மூன்றாம் தாளில் அவன் தின்ற மருந்துகளின் பெயர், தேதி, எழுதிக் கொடுத்த மருத்துவர். வாரத்தில் ஒரு நாள், பயிற்சி முடிந்து தண்ணீர் குடிக்கும் பத்து நிமிடம் போதும்.

புளியமரத்தடிப் பையனின் கோப்பைச் சென்ற வாரம் திறந்தோம். பிறப்புச் சான்றிதழ் அவன் அம்மாவின் தகரப் பெட்டியில், ரேஷன் கார்டுக்கு அடியில் இருந்தது. திருத்தம் கேட்டு மனு கொடுத்தாயிற்று. மனுவை அவன் கையாலேயே எழுத வைத்தோம். மூன்று தாள் வீணாயிற்று. நான்காவது சரியாக வந்தது.

— ஆசிரியர், உசிலம்பட்டி