முடி வளர்ந்தால் காதல் வருமா?

டிவியில் எத்தனை முறை போட்டாலும் உட்கார்ந்து பார்க்கிறார்கள். கடைசிக் காட்சியில் மூக்கு வேறு உறிஞ்சுகிறார்கள். 'குச் குச் ஹோதா ஹை' வந்தது 1998ல். நட்பு காதலாவதற்கு இன்னமும் அதைத்தான் உதாரணம் காட்டுகிறார்கள். கொஞ்சம் நிதானமாகக் கதையைப் பாருங்கள் சாமி.

அஞ்சலிக்கு (கஜோல்) ராகுல் மேல் காதல். ராகுலுக்கு (ஷாரூக்) டீனா மேல் காதல். அஞ்சலி மனதைத் திறக்க வருகிற நேரத்தில், டீனாவிடம் சொல்ல வேண்டிய காதலை அவன் இவளிடமே ஒத்திகை பார்க்கிறான். அவள் படிப்பை விட்டுவிட்டு ரயிலேறிவிடுகிறாள். இதுவரை படத்தில் பொய்யே கிடையாது. ராகுல் மேலும் தப்பில்லை. தோழியைக் காதலித்தே தீரவேண்டும் என்று சட்டமா என்ன?

தப்பெல்லாம் அதற்கப்புறம்தான். டீனா இறந்து எட்டு வருஷம் கழித்து அஞ்சலியைக் கேம்பில் பார்க்கிறான். குட்டை முடி நீளமாகியிருக்கிறது, பேன்ட் போய்ப் புடவை வந்திருக்கிறது. உடனே அய்யாவுக்குக் காதல்! கல்லூரியில் பாஸ்கெட்பாலில் அவனை ஓடஓட ஜெயித்தவள், இப்போது முந்தானையோடு மல்லுக்கட்டித் தோற்கிறாள். சிநேகிதன் திரும்பிப் பார்க்கவில்லையா, முடி வளர், தோற்கப் பழகு, காத்திரு... மூன்று மணி நேரம் இதைத்தான் சொல்லிக்கொடுக்கிறார்கள். அதற்குத்தான் அந்த மூக்குறிஞ்சல்.

காமர்ஸ் பசங்களுக்குப் புரிகிற மாதிரி சொன்னால், வாராக்கடன் என்று எழுதித் தள்ளியது வசூலாகிவிட்டது. சரி, யார் பையிலிருந்து? நிச்சயம் செய்த மாப்பிள்ளை அமன் (சல்மான் கான்) கல்யாணத்தன்று அவளைக் கையைப் பிடித்து ராகுலிடம் ஒப்படைத்துவிட்டுப் போகிறான். ஒருதலைக் காதல் எங்கேயும் தீரவில்லை, ஆள்தான் மாறியிருக்கிறது. அமனுக்காக யாரும் எட்டுக் கடிதம் எழுதி வைக்கவில்லை.

இதே கரண் ஜோஹர் 2016ல் 'ஏ தில் ஹை முஷ்கில்' எடுத்தார். இதில் அலிசே (அனுஷ்கா சர்மா) "நண்பனாகவே இரு" என்கிறாள், கடைசிவரை மாறவேயில்லை. அடடா, திருந்திவிட்டாரே என்று நிமிர்ந்து உட்கார்ந்தால், அவளுக்குப் புற்றுநோய்! அப்போதும் நம்ம ஹீரோ காதலைக் கேட்டுக்கொண்டேதான் இருக்கிறார். மாட்டேன் என்று சொன்ன பெண்ணைச் சும்மா நடமாட விடக்கூடாதா?

தமிழில் 1996லேயே கதிர் 'காதல் தேசம்' எடுத்துவிட்டார். இரண்டு நண்பர்கள், ஒரு பெண். கடைசியில் அவள் இருவரில் யாரையும் தேர்ந்தெடுக்கவில்லை, தோழியாகவே இருந்துவிடுகிறாள். அவளுக்கு வியாதி எதுவும் வரவில்லை.